நெஞ்சுக்குள் பற்றரியா?

சென்ற மாரியில் ஒரு வெள்ளிக்கிழமை காலை, எமது தொடர்மாடியில் எங்களுக்கு இரண்டு தளங்கள் மேலே வசிக்கும் ஐயா ஒருவர் வில்லியே லே பெல் புகையிரத நிலைய மேடையில் மயங்கி விழுந்தார். லாச்சப்பலுக்கு மரக்கறி வாங்கப் புறப்பட்டவர். அரை நிமிடத்தில் தாமாகவே எழுந்து, மேலங்கியில் ஒட்டிய ஈரத்தைத் தட்டிவிட்டு, அடுத்த வண்டியில் ஏறிப் போய், முருங்கைக்காயும் வாங்கிக்கொண்டு வீடு திரும்பினார். வெள்ளி விரதம், வெறும் வயிறு, அதனால் வந்த தலைச்சுற்று என்று வீட்டில் தீர்ப்பாயிற்று. பத்து நாள் கழித்து மீண்டும் ஒருமுறை விழுந்தார். அப்போது பித்தம் என்றார்கள். மூன்றாம் முறை குளியலறையில் விழுந்து மணிக்கட்டு முறிந்தபோதுதான் 15 ஆம் இலக்கத்துக்குத் தொலைபேசி எடுத்தார்கள்.

வைத்தியசாலையில் அவரது இதயத்துடிப்பு நிமிடத்துக்கு 32 என்று கண்டார்கள். மகன் உணவகத்தில் வேலை, மருமகள் துப்புரவு வேலை. கூடச் சென்றவள் பன்னிரண்டு வயதுப் பேத்தி. வீட்டில் பிரெஞ்சு நன்றாகத் தெரிந்தவள் அவள்தான். வங்கிக் கடிதம், பிரிபெக்சர் கடிதம், பாடசாலைக் கடிதம் எல்லாவற்றையும் அவளே வாசித்துச் சொல்லுகிறவள். ஆகவே இதய வைத்திய நிபுணர் சொன்னதையும் அவளே மொழிபெயர்த்தாள். அன்று மாலையே ஐயா, வைத்தியர்களின் ஆலோசனைக்கு மாறாகத் தமது சொந்தப் பொறுப்பில் வெளியேறுவதாகக் கையொப்பமிட்டு, கையில் மாவுக்கட்டுடன் வீட்டுக்கு வந்துவிட்டார்.

"தம்பி, நெஞ்சுக்குள்ள பற்றரி வைக்கப் போகினமாம். எனக்கு வேண்டாம் எண்டு சொல்லிப்போட்டன்" என்று அவர் என்னிடம் கூறியபோது, அதில் ஒரு வெற்றிப் பெருமிதம் இருந்தது.

அந்த வைத்தியசாலையின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. இந்நகரத்திலும் இதன் புறநகரங்களிலும் எத்தனையோ இடங்களில் நடப்பதே அங்கும் நடந்தது. இக்கட்டுரையை எழுதுபவன் வைத்தியனும் அல்லன். ஓரளவு மொழி தெரிந்ததால் அயலவர்களுடன் வைத்தியசாலைகளுக்குச் சென்று வரும் ஒருவன். ஆயினும் அந்த "வேண்டாம்" என்ற சொல் ஐயாவின் சொல் அன்று என்பதே எனது அபிப்பிராயம். அது இரண்டு பிரெஞ்சுச் சொற்களுக்கும் ஒரு சிறுமியின் பயத்துக்கும் பிறந்த சொல்.

முதலாவது சொல் "பில்". மின்கலத்துக்குப் பிரெஞ்சு மக்கள் வழங்கும் சாதாரணப் பெயர் அது. இதயமுடுக்கி, அதாவது பேஸ்மேக்கர் என்ற கருவிக்கு அவர்களுடைய மருத்துவ நூல்களில் வேறு பெயர் உண்டு. ஆனால் பேச்சுவழக்கில், வைத்தியர்கள் உட்பட எல்லோரும், "ஒரு பில் வைக்கப் போகிறோம்" என்றே சொல்வார்கள். ஊரில் ஆங்கிலம் கற்ற எமது முதியவர்களின் காதில் இது முதலில் பணம் கேட்கும் பில்லாகவும், அடுத்துக் குளிகையாகவும் விழுகிறது. "எவ்வளவு பில் வரும் எண்டு கேள் பிள்ளை" என்று ஐயா முதலில் கேட்டாராம். பிள்ளை அதைத் திருத்தி, பில் என்றால் பற்றரி என்று சொல்லியிருக்கிறாள். அகராதிப்படி அவள் சொன்னதில் பிழையில்லை. ஆனால் டோர்ச் லைற்றில் போடும், ஒழுகிப்போய்ப் பச்சை பூத்திருக்கும் அந்த உருளையே ஐயாவின் மனக்கண்ணில் தோன்றியது. அதை நெஞ்சுக்குள் வைக்க எவர்தான் சம்மதிப்பார்?

இரண்டாவது சொல் "புளொக்". இது இன்னும் ஆபத்தானது. எம்மவர் வீடுகளில் "ஹார்ட்டில் புளொக்" என்றால் இரத்தக் குழாயில் கொழுப்புப் படிந்த அடைப்பு என்றே பொருள். அதற்குக் குழாய்க்குள் வலைக்குழல் வைப்பார்கள், அல்லது நெஞ்சைப் பிளந்து பைபாஸ் செய்வார்கள் என்பதும் எல்லோருக்கும் தெரியும். ஆனால் ஐயாவிடம் வைத்தியர் கூறிய புளொக் அதுவன்று. குருதி ஓடும் குழாயில் எதுவும் அடைபடவில்லை. துடிப்பதற்கான மின்கட்டளை செல்லும் பாதையே தடைப்பட்டிருந்தது. வீட்டுக்குத் தண்ணீர் வராததும் மின்சாரம் வராததும் ஒன்றல்லவே. போதாக்குறைக்குப் பிரெஞ்சு வைத்தியசாலைகளில் சத்திரசிகிச்சைக் கூடத்தையும் "புளொக்" என்றே அழைக்கிறார்கள். ஒரே உரையாடலில் ஒரே சொல் இரு பொருளில் வந்துபோக, ஐயா தமக்கு நெஞ்சைப் பிளக்கப் போகிறார்கள் என்று முடிவு கட்டிவிட்டார்.

உண்மையில் நடப்பது என்னவென்று சற்று விளக்கமாகச் சொல்ல வேண்டும். எமது இதயம் தன்னைத் தானே இயக்கிக்கொள்ளும் உறுப்பு. அதன் வலது மேலறையின் உச்சியில் ஒரு சிறு கணு இருக்கிறது. 1907 இல் கீத், பிளாக் என்ற இரு பிரித்தானியர்கள் அதனைக் கண்டறிந்தனர். ஓய்வாக இருக்கும்போது நிமிடத்துக்கு 60 முதல் 100 தடவை வரை அக்கணுவில் ஒரு மெல்லிய மின் அலை பிறக்கின்றது. அது முதலில் மேலறைகளைச் சுருங்க வைத்து, நடுவிலுள்ள மற்றொரு கணுவில் கணநேரம் தங்கி, பின்பு நார்க்கட்டு ஒன்றின் வழியே கீழறைகளுக்கு இறங்குகிறது. கீழறைகள் சுருங்கும்போதுதான் குருதி மூளைக்கும் உடலுக்கும் பாய்கின்றது. நாளொன்றுக்கு ஏறக்குறைய ஓர் இலட்சம் தடவை இது நிகழ்கிறது.

கோயில் மேளக் கச்சேரியில் தாளம் போடுபவரை எண்ணிப் பாருங்கள். நாதஸ்வரத்துக்கும் தவிலுக்கும் கிடைக்கும் பெயர் அவருக்குக் கிடைப்பதில்லை. ஆனால் அவர் கை ஓய்ந்தால் எல்லாமே குழம்பிவிடும். முதுமையில் அந்தக் கணுவோ நார்க்கட்டோ மெல்ல மெல்ல நார்த்துப்போய் வலுவிழப்பது வழமை. மேற்கணு சோர்ந்தால் துடிப்பு மந்தமாகும், அல்லது சில வினாடிகள் நின்று பின் தொடங்கும். நடுப்பாதை முற்றாகத் தடைப்பட்டால் மேலறைகள் தம்பாட்டில் துடிக்க, கீழறைகள் கட்டளை கிடைக்காமல் தமது சொந்த முயற்சியில் நிமிடத்துக்கு 30, 40 என்று தட்டுத்தடுமாறும். அந்த முயற்சியும் இடையில் நின்றால் மூளைக்குக் குருதி செல்லாது. மனிதர் வெட்டிய மரம்போல விழுவார். சில வினாடிகளில் துடிப்பு மீண்டால் எழுந்துவிடுவார். மீளாவிட்டால் எழமாட்டார். புகையிரத மேடையில் ஐயா எழுந்தது விரதம் முடிந்ததால் அல்ல.

இதயமுடுக்கி செய்யும் வேலை அந்தத் தாளக்காரருக்குப் பக்கத்தில் இன்னொருவர் உட்கார்ந்திருப்பது போன்றது. அக்கருவி ஓயாது அடித்துக்கொண்டிருப்பதில்லை. முதலில் அது கேட்கிறது. இதயம் தானாகத் துடித்தால் வாளாவிருக்கும். குறித்த நேரத்துக்குள் துடிப்பு வராவிட்டால் மட்டும், ஒரு வினாடியின் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் குறைந்த நேரம் நீடிக்கும் மிகச் சிறிய மின்துடிப்பொன்றைக் கம்பி வழியே அனுப்பும். உடம்பில் அதிர்ச்சி எதுவும் தெரியாது. மாடிப்படி ஏறும்போது உடலசைவை உணர்ந்து வேகத்தைக் கூட்டவும், அமர்ந்தால் குறைக்கவும் கூடிய கருவிகளே இப்போது பெரும்பாலும் பொருத்தப்படுகின்றன.

இவ்வளவும் 1958 இல் ஆரம்பமான கதை. அவ்வாண்டு அக்டோபர் 8 ஆம் திகதி சுவீடனின் கரோலின்ஸ்கா வைத்தியசாலையில் ஆர்னே லார்சன் என்ற 43 வயதுக்காரருக்கு உலகின் முதலாவது உட்பொருத்து இதயமுடுக்கி வைக்கப்பட்டது. நாளொன்றுக்குப் பல தடவைகள் அவர் மூர்ச்சையாகிக்கொண்டிருந்தார். அவருடைய மனைவி வைத்தியர் செனிங்கையும் பொறியியலாளர் எல்ம்குவிஸ்ட்டையும் விடாது துரத்தி, இன்னும் முடிவடையாதிருந்த கருவியைச் செய்விக்க வைத்தார். சப்பாத்துப் பொலிஷ் தகரப் பேணியை அச்சாக வைத்து அதனை வார்த்தார்களாம். முதற்கருவி சில மணிநேரமே உழைத்தது. ஆனால் லார்சன், அடுத்தடுத்து 26 கருவிகள் மாற்றி, தம்மைக் காப்பாற்றிய வைத்தியருக்கும் பொறியியலாளருக்கும் பின்னரும் உயிர்வாழ்ந்து, 2001 இல் 86 வயதில், இதய நோயால் அல்ல, புற்றுநோயால் காலமானார். இந்தக் கதையில் என்னைக் கவர்ந்தவர் அவருடைய மனைவிதான். வைத்தியரிடம் "இல்லை" என்ற பதிலை ஏற்க மறுத்த பெண்மணி.

பாரிசுக்கும் இதில் ஒரு பங்குண்டு. அன்றைய மின்கலங்கள் ஓரிரு ஆண்டுகளிலேயே தீர்ந்துவிட்டதால், 1970 இல் இந்நகரின் புரூசே வைத்தியசாலையில் புளுத்தோனியத்தால் இயங்கும் இதயமுடுக்கியை முதன்முதலாக ஒருவருக்குப் பொருத்தினார்கள். லித்தியம் மின்கலம் வந்ததும் அந்த அணுக்கருவிகள் வழக்கொழிந்தன. இப்போதுள்ளவை இருபது, முப்பது கிராம் நிறையுள்ள தித்தேனியப் பெட்டிகள். முற்றாக மூடப்பட்டவை. ஒழுகுவதுமில்லை, பச்சை பூப்பதுமில்லை. எட்டு முதல் பன்னிரண்டு ஆண்டுகள் வரை உழைக்கும். மின்கலம் தீரும் காலம் நெருங்குவதைப் பல மாதங்களுக்கு முன்பே பரிசோதனையில் கண்டுபிடித்து, கம்பிகளை அப்படியே விட்டுப் பெட்டியை மட்டும் மாற்றுவார்கள்.

நெஞ்சைப் பிளப்பதுமில்லை. பெரும்பாலும் இடது காறை எலும்புக்குக் கீழே தோலை மட்டும் விறைக்கச் செய்து, சில சென்ரிமீற்றர் நீளத்துக்கு வெட்டி, அங்குள்ள நாளத்தின் வழியே ஒன்றோ இரண்டோ கம்பிகளை இதயத்துக்குள் இறக்கி, பெட்டியைத் தோலின் கீழ் வைத்துத் தைத்துவிடுவார்கள். ஏறக்குறைய ஒரு மணிநேர வேலை. ஓரிரு நாட்களில் வீடு திரும்பலாம். சில வாரங்களுக்கு அந்தப் பக்கத்துக் கையைத் தோளுக்கு மேல் உயர்த்தக்கூடாது. கம்பியே இல்லாமல், தொடை நாளத்தின் வழியே நேரே இதயத்துக்குள் கொண்டுபோய் வைக்கும் வில்லை போன்ற கருவியும் 2010களிலிருந்து வந்திருக்கிறது; அது எல்லோருக்கும் பொருந்தாது. ஆபத்தே இல்லை என்று சொல்ல மாட்டேன். கம்பி இடம் விலகலாம், நுரையீரல் உறையில் காற்றுப் புகலாம், கிருமி தொற்றலாம். காயம் சிவந்து வீங்கினாலோ காய்ச்சல் வந்தாலோ அன்றே வைத்தியசாலைக்குச் செல்ல வேண்டும். நல்லெண்ணெயும் மஞ்சளும் பூசிக்கொண்டு ஒரு வாரம் பொறுத்திருந்த ஒருவரையும் நான் கண்டிருக்கிறேன். அவருக்கு முழுக் கருவியையும் எடுத்துவிட்டு மறுபக்கத்தில் புதிதாக வைக்க வேண்டியதாயிற்று.

எல்லா இதயக் கோளாறுக்கும் இது மருந்தல்ல என்பதையும் சொல்லியாக வேண்டும். இரத்தக் குழாய் அடைப்பையும் மாரடைப்பையும் இது தடுக்காது. நித்திரையில் துடிப்பு நாற்பதுகளுக்கு இறங்குவது இயல்பு. நன்றாக ஓடி விளையாடும் இளைஞருக்குப் பகலிலும் ஐம்பதுக்குக் கீழ் இருக்கலாம். அதற்காகக் கருவி வைப்பதில்லை. மேற்கணு சோர்ந்தவர்களுக்கு மயக்கம், தலைச்சுற்று, நடக்கவே முடியாத களைப்பு போன்ற உபாதைகள் இருந்து, அவை மந்தமான துடிப்பால் வருபவை என்று நிரூபணமானால்தான் வைப்பார்கள். ஆனால் நடுப்பாதை முற்றாகத் தடைப்பட்டவருக்கு, அவர் "எனக்கு ஒன்றுமில்லை" என்று சொன்னாலும், வைக்கவேண்டும் என்பதே வைத்தியர்களின் ஒருமித்த கருத்து. வால்வு மாற்றிய பின்னர் சிலருக்கு இது தேவைப்படும். இதயம் பலவீனமாகி இரு கீழறைகளும் ஒருங்கே துடிக்காதவர்களுக்கு மூன்று கம்பிகள் கொண்ட விசேட கருவி உண்டு. அம்முறை 1994 இல் பிரான்சிலேயே தொடக்கி வைக்கப்பட்டது.

அதற்கு முன்னர் நல்ல வைத்தியர் ஒருவர் கேட்கும் முதற்கேள்வி: என்னென்ன குளிகைகள் எடுக்கிறீர்கள்? பிரஷருக்கும் இதயத்துக்கும் கொடுக்கும் சில குளிகைகள் துடிப்பைக் குறைப்பவை. கண் அழுத்தத்துக்கு விடும் சில சொட்டு மருந்துகள்கூட அவ்வாறு செய்யும். தைரொயிட் குறைபாடும் செய்யும். மருந்தை நிறுத்தினாலே துடிப்புச் சீராகும் என்றால் கருவி எதற்கு? ஆகவே, இங்குள்ள வைத்தியர் எழுதியது மட்டுமன்றி, சென்னையிலிருந்தும் கொழும்பிலிருந்தும் வந்தவர்கள் பையில் கொண்டுவந்து கொடுத்த மருந்துகள் அனைத்தையும் ஒரு பையில் போட்டு எடுத்துச் செல்ல வேண்டும். நாட்டு மருந்து குடிப்பதையும் மறைக்கக்கூடாது.

துடிப்புத் தடை என்பது எமது மண்ணுக்குப் புதிய நோயுமல்ல. மஞ்சள் அலரி நஞ்சு இதயத்தில் ஏற்படுத்துவது இதே தடையைத்தான். யாழ்ப்பாணத்தில் அவ்வாறு பாதிக்கப்பட்ட 170 பேரைப் பற்றிச் சரவணபவானந்தன், கணேஷமூர்த்தி ஆகியோர் செய்த ஆய்வு 1988 இல் சர்வதேசச் சஞ்சிகையொன்றில் வெளிவந்தது. அத்தகையவர்களுக்கு நஞ்சு இறங்கும்வரை சில நாட்களுக்கு வெளியிலிருந்து தற்காலிக இதயமுடுக்கியால் துடிப்பைத் தாங்கிப் பிடிக்க வேண்டும். 1990களில் அநுராதபுரம் வைத்தியசாலைக்கு வந்த நோயாளர்களை அந்தத் தற்காலிகக் கருவிக்காகவே கொழும்புக்கு அனுப்ப வேண்டியிருந்தது. மணிக்கணக்கான பயணம். கருவி இல்லாத இடத்தில் அதன் அருமை எப்படியென்று அந்த நாட்களில் அங்கிருந்தவர்களுக்குத் தெரியும். இங்கோ அது எமது வீட்டிலிருந்து பேருந்தில் போய்வரும் தூரத்தில் இருக்கின்றது. நாம் பில் என்ற சொல்லுக்குப் பயந்து திரும்பி வருகின்றோம்.

ஐயாவின் பயம் சொற்களோடு முடிந்துவிடவுமில்லை. மறுநாள் நான் சென்றபோது அவர் குரலைத் தாழ்த்தி ஒன்று கேட்டார். "தம்பி, உந்த மெசினை வைச்சால் உயிர் போகவேண்டிய நேரத்தில போகாதாம். கிடந்து இழுக்குமாம். உண்மையோ?" இதே கேள்வியை வேறு வேறு வீடுகளிலும் கேட்டிருக்கிறேன். இதை மூடநம்பிக்கை என்று சிரித்துத் தள்ளுவோருடன் எனக்கு உடன்பாடில்லை. சாவை எண்ணிப் பார்க்கும் ஒரு முதியவரின் நியாயமான கேள்வி அது. அதற்கு விடையும் உண்டு. கருவி மின்கட்டளையை மட்டுமே அனுப்புகின்றது. கட்டளையை ஏற்றுச் சுருங்குவது இதயத் தசை. இறுதிக் காலத்தில் பிராணவாயு கிடைக்காது தசை ஓயும்போது, கருவி எத்தனை தடவை தட்டினாலும் அது பதிலளிக்காது. உயிர் தன் வேளையில் பிரியும். அபாயகரமான வேகத் துடிப்பை அதிர்ச்சி கொடுத்து நிறுத்தும் கருவி வேறொன்று. இறுதி நேரத்தில் அதன் அதிர்ச்சியை நிறுத்திவைக்குமாறு வைத்தியரிடம் கேட்கலாம். ஐயாவுக்குச் சொன்னது அந்தக் கருவியன்று.

மற்றச் சந்தேகங்கள் சிறியவை. நுண்ணலை அடுப்பு, மிக்சி, தொலைக்காட்சி எதுவும் பிரச்சினையில்லை. கைத்தொலைபேசியை நெஞ்சுப்பக்கச் சட்டைப்பையில் வைக்காது மறுகாதில் வைத்துப் பேசலாம். புதிய வீடுகளிலுள்ள காந்தத் தூண்டல் அடுப்பின்மேல் குனிந்து நிற்காது அறுபது சென்ரிமீற்றர் தள்ளி நிற்பது நல்லது. விமான நிலையத்தில் அட்டையைக் காட்டலாம். எம்.ஆர்.ஐ. படம் எடுக்குமுன் கட்டாயம் சொல்ல வேண்டும். தாலிக்கொடி கருவியைப் பாதிக்காது. பொன்னுக்குக் காந்தம் இல்லை. சத்திரசிகிச்சைக்கு முன்பு மட்டும் உலோகம் யாவற்றையும் கழற்றும்படி கேட்பார்கள். அதற்கு மனம் ஒப்பாத ஓர் அம்மா மஞ்சள் பூசிய நூலைக் கட்டிக்கொண்டு சென்றதை அறிவேன். தாதியர் ஆட்சேபிக்கவில்லை.

இனி அந்தச் சிறுமியின் பயத்துக்கு வருகிறேன்.

வைத்தியர் அவளிடம் மூன்று விடயங்களைச் சொல்லியிருக்கிறார். பாட்டனாருக்கு முழுமையான புளொக். பில் வைக்கவேண்டும். வைக்காவிட்டால் எந்த நேரத்திலும் இதயம் நின்று திடீரென இறக்கலாம். அவள் முதலாவதையும் இரண்டாவதையும் சொன்னாள். மூன்றாவதை, "வைக்காட்டி கொஞ்சம் கஷ்டமாம் அப்பப்பா" என்று மாற்றிவிட்டாள். ஐயா "கொஞ்சம் கஷ்டம்தானே" என்று கையொப்பமிட்டார். இரண்டு நாட்களின் பின் படிக்கட்டில் என்னைக் கண்டபோது, "மாமா, நான் ஒண்டைச் சொல்லேல்லை" என்று அழுதாள். அவ்விரண்டு இரவுகளும் அவள் நித்திரை கொள்ளவில்லை. பாட்டனாரின் அறை வாசலில் போய் நின்று மூச்சுக் கேட்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தாளாம்.

அவள் மீது எந்தக் குற்றமும் இல்லை. "நீங்கள் செத்துப்போகலாம்" என்று தன்னைத் தூக்கி வளர்த்தவரிடம் எந்தப் பிள்ளையால் சொல்ல முடியும்? வளர்ந்தவர்களே அவ்விடத்தில் பொய் சொல்கிறார்கள். அந்த இரண்டு இரவுகளில் ஏதும் நிகழ்ந்திருந்தால் அப்பிள்ளை தன் வாழ்நாள் முழுதும் எதைச் சுமந்திருக்கும் என்பதை எண்ணும்போது எனக்குக் கோபம் வருகின்றது. அவளைக் கொண்டு பேசுவித்த வைத்தியர்மீதும் கோபம், அவளை அனுப்பிய எம்மீதும் கோபம். வாடகைக் கடிதத்தைப் பிள்ளை வாசிக்கலாம். உயிர் போகும், போகாது என்ற செய்தியைப் பிள்ளையின் வாயில் வைக்கக்கூடாது. அதற்கு இந்நாட்டில் வேறு வழி உண்டு என்பதால் இது இன்னும் பெரிய தவறாகின்றது.

2002 மார்ச் 4 ஆம் திகதிச் சட்டம், நோயாளி தமது நிலையைப் பற்றி விளங்கிக்கொண்டு சம்மதிக்கும் உரிமையை உறுதிப்படுத்தியிருக்கிறது. மொழி புரியாதவர் இட்ட கையொப்பம் எவ்வகைச் சம்மதம், எவ்வகை மறுப்பு? 2016 ஆம் ஆண்டின் சுகாதாரச் சட்டம் மருத்துவ மொழிபெயர்ப்பைப் பெயர் சொல்லி அங்கீகரித்திருக்கிறது. பல வைத்தியசாலைகள் தொலைபேசி வழியே மொழிபெயர்க்கும் சேவைகளுடன் ஒப்பந்தம் செய்துள்ளன. தமிழ் பேசுபவரும் கிடைக்கிறார். நாம் கேட்பதில்லை, அவசரத்தில் அவர்களும் சொல்வதில்லை. "தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும்" என்ற ஒரு வாக்கியத்தைப் பிரெஞ்சில் எழுதி ஒவ்வொரு முதியவரின் சட்டைப்பையிலும் வைத்துவிடலாம். அதே 2002 ஆம் ஆண்டுச் சட்டப்படி, தமக்கு நம்பிக்கையான ஒருவரை எழுத்தில் நியமிக்கவும் நோயாளிக்கு உரிமையுண்டு. வீட்டில் ஒரு வளர்ந்தவர் அரைநாள் விடுப்பு எடுக்கட்டும். சம்பளம் குறையும் என்பது எனக்கும் தெரியும்.

செலவைப் பற்றிய பயத்துக்கும் இடமில்லை. இக்கருவி மருத்துவக் காப்புறுதியின் பட்டியலில் உள்ளது. கடுமையான இதயத் துடிப்புக் கோளாறுகள் நூறு வீதம் மீளளிக்கப்படும் நீண்டகால நோய்களில் அடங்கும். குடும்ப வைத்தியரே அதற்கு விண்ணப்பிப்பார். வதிவிட அனுமதி இல்லாதவர்களுக்கு 2000 ஆம் ஆண்டு முதல் அரச மருத்துவ உதவித் திட்டம் இருக்கிறது. எதுவுமே இல்லாது, உயிராபத்தான நிலையில் வந்து சேர்பவரையும் வைத்தியசாலை திருப்பி அனுப்ப முடியாது.

மறுநாட் காலை மகனும் நானும் ஐயாவை அதே வைத்தியசாலைக்கு மீண்டும் அழைத்துச் சென்றோம். பேத்தி பாடசாலைக்குப் போய்விட்டாள். தொலைபேசியில் ஒரு பெண் மொழிபெயர்த்தார். பேச்சில் வடமராட்சிச் சாயல். அவர் "பற்றரி" என்று ஒரு தடவைதானும் சொல்லவில்லை. "ஐயா, உங்கட இதயத்தின்ர தாளம் தப்புது, அதைக் காவல் காக்கிற ஒரு சின்னக் கருவி" என்றார். பின்னர் மூன்றாவது செய்தியையும் வைத்தியர் சொன்னபடியே, மறைக்காமல் சொன்னார். ஐயா சற்று நேரம் பேசாதிருந்தார். "இதை ஏன் முதலே சொல்லேல்லை?" என்று கேட்டார். அதற்கு நாங்கள் யாரும் பதில் சொல்லவில்லை. மறுநாள் கருவி வைக்கப்பட்டது.

எஞ்சியிருப்பது எவரும் பேச விரும்பாத ஒரு விடயம். எம்மவரில் பெரும்பாலோர் இறந்தவரைத் தகனம் செய்பவர்கள். இதயமுடுக்கி உடலில் இருக்கத் தகனம் செய்தால் அதன் மின்கலம் சூளைக்குள் வெடிக்கும். பிரித்தானியாவில் 2002 இல் வெளியான ஆய்வொன்றில், ஏறக்குறைய அரைவாசித் தகனசாலைகள் இத்தகைய வெடிப்பைக் கண்டிருந்தன. ஆகவே பிரெஞ்சுச் சட்டப்படி, பெட்டியை மூடுமுன்னர் வைத்தியரோ உடலைப் பதப்படுத்தும் தொழிலாளரோ கருவியை அகற்றி அத்தாட்சி வழங்க வேண்டும். இறப்புச் சான்றிதழிலும் இதற்கென ஒரு கேள்வி இருக்கிறது. கம்பியில்லாச் சிறு கருவி என்றால் விதி எப்படியென்று ஈமச்சேவை நிறுவனத்திடம் கேட்க வேண்டும். கலியாணப் பேச்சுக்குத் தடையாகும், ஊரார் கதைப்பார்கள் என்று இதயமுடுக்கியைப் பிள்ளைகளுக்கும் சொல்லாது மறைக்கும் வீடுகள் உண்டு. சொல்லாவிட்டால் பெர் லாஷேசில் சாம்பலுக்குக் காத்திருக்கும் பிள்ளைக்கு அது எப்படித் தெரியும்?

அகற்றிய கருவி குப்பைக்குப் போகவேண்டியதுமில்லை. கனடாவில் மொன்றியல் இதய நிலையம் 1983 முதல் இறந்தோரின் கருவிகளைச் சுத்திகரித்து வறிய நாடுகளுக்கு அனுப்பி வந்தது. அவ்வாறு பொருத்தப்பட்ட ஆயிரத்துக்கு மேற்பட்டோரைப் பற்றி 2020 இல் வெளியான ஆய்வு, கிருமித்தொற்று புதிய கருவி வைத்தோரைவிடக் குறிப்பிடத்தக்க அளவில் அதிகமில்லை என்று கண்டது. மும்பாயிலும் இதே முறையில் வறியவர்களுக்குக் கருவி பொருத்தியிருக்கிறார்கள். இதை ஐயாவிடம் கூறியபோது, "அப்ப என்ர இது யாருக்கோ போகட்டும்" என்றார். கண்ணைத் தானம் செய்ய மறுத்தவர் அவர்.

இப்போது ஆறு மாதத்துக்கு ஒருமுறை பரிசோதனைக்குச் சென்று வருகிறார். வெள்ளி விரதமும் தொடர்கின்றது. வைத்தியசாலையில் கொடுத்த அடையாள அட்டையை முதலில் சாமிப்படத்துக்குக் கீழே வைத்து விபூதியும் பூசியிருந்தார். வெளியே விழுந்தால் சாமியறைக்கு யார் வந்து பார்ப்பார்கள் என்று பேத்தி கேட்டாளாம். அதன்பின் அட்டை அவருடைய மேலங்கிப் பையில், கார்த் வித்தாலுடன் சேர்ந்து இருக்கிறது.